தொண்ணூற்றேழில் உறங்கிய ஆட்டம்

எங்கள் வீட்டுத் தொலைக்காட்சிக்குள் ஒரு பந்துவீச்சாளன் கிட்டத்தட்ட ஒரு மாதமாக ஓடி வந்துகொண்டிருந்தான். கை மேலே போய்விட்டது, ஒரு கால் நிலத்தில் இல்லை, பந்து மட்டும் இன்னும் விரல்களை விட்டுப் போகவில்லை. தொலைக்காட்சிக்குள் என்று சொன்னேன், அதுவும் பிழை. தொலைக்காட்சியை அணைத்துவிட்டால் அதில் ஒன்றும் இல்லை. அவன் இருந்தது கீழ்த்தட்டில் கிடந்த கேம் பெட்டிக்குள். அந்தப் பெட்டியும் ஓடவில்லை, அணைந்துபோகவும் இல்லை. முகப்பில் செம்மஞ்சளாக ஒரு சின்ன வெளிச்சம் மட்டும் எரிந்துகொண்டிருந்தது. காலையில் தேத்தண்ணிக் கோப்பையோடு முன்னறைக்கு வந்தால் நான் முதலில் அதைத்தான் பார்ப்பேன்.

"அப்பாக்குப் புதுச் சாமி ஒண்டு வந்திரிக்கு," என்றாள் மகள்.

பெட்டியைக் கொண்டுவந்தது என் மனைவியின் தம்பி. கத்தாரில் வேலை. விடுமுறைக்கு வந்தபோது கைப்பொதிக்குள் துவாயால் சுற்றிக் குழந்தையைப் போலக் கொண்டுவந்தான். போகும்போது, "அங்க எனக்கு நித்திரை கொள்ளவே நேரமில்ல, இது இஞ்சயே இரிக்கட்டும்," என்று விட்டுவிட்டுப் போனான். மகள் உயர்தர வகுப்பில் படிக்கிறாள். படித்துக் களைத்தால் அதில் ஒரு நகரம் கட்டுவாள். தெருப் போடுவாள், தண்ணீர்க் குழாய் இழுப்பாள், ஆட்களைக் குடியேற்றுவாள். எனக்கு விளையாட்டை விட அந்தப் பெட்டியின் நடத்தையில்தான் ஆர்வம். நான் ஒரு மருந்துக்கடையில் வேலை செய்கிறவன். தலைவலிக்கென்று உள்ளே போன மாத்திரைக்குத் தலை எங்கே இருக்கிறதென்று எப்படித் தெரியும் என்று கேட்டு முதலாளியிடம் வாங்கிக் கட்டிக்கொண்டவன். என் குணம் அப்படி.

முதல் கிழமையே மகளைப் பிடித்துக்கொண்டேன். அவள் நகரத்தை அப்படியே விட்டுவிட்டுச் சாப்பிட வந்துவிட்டாள்.

"மூடிப்போட்டா வந்த?"

"மூடல்லப்பா. நடுப் பொத்தானை அமத்தினா நாம வெளிய வருவம். கேம் உள்ளுக்குள்ள நிக்கும்."

"நிக்கிறதெண்டா? ஓடுதா?"

"ஓடல்ல. நிக்குது."

"நிக்கிறதுக்கு அதுக்கு என்ன வேணும்?"

"கொஞ்சம் கரண்டு வேணும். பெட்டியை நித்திரையில போட்டாலும் அது நிக்கும். பிளக்கைக் கழட்டினாப் போயிரும். மறுகா முதல்ல இருந்துதான்."

சோற்றைப் பிசைந்தபடி இதை யோசித்துக்கொண்டிருந்தேன். அவளுடைய நகரத்தில் அந்த நேரம் ஒருவன் பஸ்ஸில் ஏறக் காலைத் தூக்கியிருப்பான். அவள் சாப்பிட்டு, கை கழுவி, பாடம் படித்து, நாளைக்கு வந்து பொத்தானை அமத்தும் வரைக்கும் அந்தக் கால் படியில் படாது. அவனுக்கு அது தெரியுமா? "அப்பா, குழம்பு ஆறுது," என்றாள் அவள்.

இன்னும் ஒன்று சொன்னாள். அந்தப் பெட்டி ஒரு நேரத்தில் ஒரு விளையாட்டைத்தான் அப்படி நிறுத்தி வைத்திருக்கும். ஒன்று நிற்கும்போது இன்னொன்றைத் திறக்கப் போனால், முதலாவதை மூடிவிடவா, பதியாமல் விட்டது எல்லாம் போய்விடுமே என்று திரையில் கேட்கும். ஓம் என்றால்தான் மூடும். இந்தப் பழக்கம் எனக்குப் பிடித்துக்கொண்டது. ஒரு இயந்திரம், அதுவும் யாரோ கடல் கடந்து கொண்டுவந்தது, மூடுவதற்கு முன்னால் ஒரு சொல் கேட்கிறது.

என் சகலனுக்கு இது கண்ணிலும் காட்டக்கூடாது.

சகலன் என்றால் என் மனைவியின் அக்காவின் கணவர். நான் அவரை அண்ணன் என்றுதான் கூப்பிடுவேன். வாழைச்சேனைத் துறைமுகத்தில் மீன்பிடிப் படகுகளுக்கு எஞ்சின் பழுது பார்க்கிறவர். கிழமை முழுக்க அங்கே, சனிக்கிழமை பின்னேரம் ஆரையம்பதிக்கு வந்துவிடுவார். எங்கள் இரண்டு வீடும் ஒரே வளவில். நடுவில் ஒரு வேலி. வேலியில் ஆள் நுழையக்கூடிய ஒரு கடப்பு. அந்தக் கடப்பு வழியாகக் கறிச்சட்டியும் தேங்காயும் செய்தியும் போய்வந்துகொண்டே இருக்கும். அண்ணனும் அப்படித்தான் வருவார், சத்தமே இல்லாமல், நேரே முன்னறைக்கு.

அவருடைய கொள்கை ஒன்றே ஒன்று. நிறுத்தினால் முழுக்க நிறுத்த வேண்டும். ஓடுகிற எஞ்சினை விட்டுவிட்டுப் போகிறவன் மனிதனே இல்லை. எந்த வீட்டுக்குப் போனாலும் புறப்படும்போது யாரையும் கேட்காமல் மின்விசிறியை நிறுத்துவார், சுவரில் சுவிட்சை அமத்துவார், பிளக்கைக் கழற்றுவார். வாவிக்கு அப்பால் வானம் கொஞ்சம் உறுமினாலும் வளவில் இருக்கும் அத்தனை பிளக்கும் கழன்றுவிடும். இங்கே எல்லோரும் இடி மின்னலுக்குப் பயந்து செய்கிறதுதான். அவர் கொஞ்சம் கூடுதலாகச் செய்வார். கேம் பெட்டி மூடவா என்று கேட்கும்போது அவருக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும்.

"மூடு எண்டு சொன்னா மூடிற்றுப் போக வேண்டியதுதானே. மறுகா என்னையே கேள்வி கேக்குது. இதென்ன பழக்கம்?"

ஆனாலும் அவருக்கும் எனக்கும் அந்தப் பெட்டியில் ஒரு கிரிக்கெட் டெஸ்ட் ஆட்டம் நடந்துகொண்டிருந்தது. ஞாயிற்றுக்கிழமை மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு பாயை விரித்து இரண்டுபேரும் சாய்ந்துகொள்வோம். அவர் வலை இழுக்கிற மாதிரித் துடுப்பெடுத்தாடுவார், முழு உடம்பையும் போட்டு. நான் பந்து வீசும்போது நாக்கைக் கடித்துக்கொள்கிறேனாம். அந்த விளையாட்டு டெஸ்டின் ஒவ்வொரு நாளுக்குரிய ஆட்டமும் முடிந்தால் தானாகப் பதிந்துவைக்கும். நடுவில் மூடினால் அன்றைக்கு ஆடியது அத்தனையும் போய்விடும். அதனால் ஒரு நாளுக்குரிய ஆட்டத்தை ஒரே இருப்பில் முடித்துவிட்டுத்தான் எழும்புவோம். பிறகு அவர் மூடுவார், அணைப்பார், பிளக்கைக் கழற்றுவார், கடப்பால் போய்விடுவார். எங்கள் நட்பு என்று பார்த்தால் இவ்வளவுதான். அவரும் நானும் வேறு எங்கேயும் இருந்து அரை மணித்தியாலம் கதைத்தது கிடையாது. இந்த ஒன்றுதான் இருந்தது.

அன்றைக்கு அவர் தொண்ணூற்றேழில் நின்றார்.

பெட்டி வந்த நாளில் இருந்து அவர் நூறு எடுத்ததில்லை. சின்ன வயதில் பள்ளிக்கூட மைதானத்திலும் எடுத்ததில்லையாம். எண்பதைத் தாண்டியதும் பேச்சை நிறுத்திவிட்டார். தொண்ணூற்றில் அக்காவைக் கூப்பிட்டு, மகளைக் கூப்பிட்டு எல்லோரையும் பின்னால் இருத்தினார். கச்சான் காற்று ஓய்ந்து மாரி தொடங்க இருந்த காலம். பின்னேரமானால் இடிக்கும். நான் பந்தோடு ஓடி வந்து கையைத் தூக்கிய நேரம் வாவிப் பக்கத்தில் பளீரென்று வெட்டி, கூரை அதிர இடித்தது. முற்றத்துப் பாயில் நெல் காய்ந்துகொண்டிருந்தது. நடுப் பொத்தானை அமத்திவிட்டு எல்லோரும் ஓடினோம். அண்ணன் மட்டும் உள்ளே நின்றார்.

நெல்லைத் தாழ்வாரத்துக்கு இழுத்துப் போட்டுவிட்டு நனைந்தபடி வந்தால், அவர் கொன்ட்ரோலரைக் கையில் வைத்துக்கொண்டு திரையோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். இடி இடிக்கிறது, மூட வேண்டும். கை பழக்கத்தில் போய்விட்டது. திரை கேட்கிறது, மூடவா, பதியாதது போய்விடுமே என்று. அவர் அதை வாசிக்கவே இல்லை. விரல் ஓம் என்பதற்குப் போய்விட்டது.

"பெரியப்பா! உங்கட தொண்ணூற்றேழு!" என்று கத்திக்கொண்டு மகள் பாய்ந்து கொன்ட்ரோலரைப் பறித்துவிட்டாள்.

கையில் இருந்து ஒரு பிள்ளை பறித்தது அவருக்குப் பிடிக்கவில்லை. எல்லோரும் பார்த்துக்கொண்டு நின்றதும் பிடிக்கவில்லை. நான் சமாதானமாகத்தான் சொன்னேன்.

"விடுங்க அண்ண. எங்கட வீட்டில நாங்க அதை மூடுறல்ல. அப்பிடியே நித்திரையில போடுற."

"எங்கட வீடா?" என்றார். குரல் உயரவில்லை. "தம்பி, இது என்ட மச்சாள்ட வீடு. நீ உடுப்புப் பெட்டியோட வந்து இறங்க முதல் இந்தச் சுவருக்க வயர் இழுத்தவன் நான். அந்தப் பிளக்கு நான் போட்ட பிளக்கு. ஆர் கழட்டுற, ஆர் கழட்டாத எண்டு நீ எனக்குச் சொல்லாத."

சொல்லிவிட்டு மழைக்குள் இறங்கிக் கடப்பால் போய்விட்டார். பிளக்கைக் கழற்றாமல் போனது அன்றைக்குத்தான்.

வெளியூர்க்காரர்களுக்கு இது எவ்வளவு வலிக்கும் என்று தெரியாது. எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்கு. மகளுக்கு வீடு கட்டித்தான் கல்யாணம் செய்து கொடுப்பார்கள். ஆண் உடுப்புப் பெட்டியோடு அந்த வீட்டுக்குப் போவான். மூத்த மகளைக் கட்டிய மருமகன் இளைய மகளின் வீட்டுக்குக் கல் சுமப்பான், மண் அள்ளுவான். அண்ணன் சொன்னது அத்தனையும் உண்மை. இந்த வீட்டின் ஒவ்வொரு சுவிட்சும் அவர் கை பட்டது. அதே நேரம் அவரும் வேலிக்கு அந்தப் பக்கத்தில் அக்காவின் வீட்டில் இருக்கிறவர்தான். வளவில் எங்கள் இரண்டுபேருக்கும் சொந்தமாக ஒரு தென்னங்கன்று இல்லை. குசினியில் அக்காவும் தங்கையும் இதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தார்கள். வீடில்லாத இரண்டுபேர் வீட்டுக்குச் சண்டை பிடிக்கிறார்களாம். எனக்குச் சிரிப்பு வரவில்லை. பதினெட்டு வருஷம் இருந்த வீட்டில் அன்றைக்குச் சாப்பிட உட்காரும்போது எங்கே உட்காருவது என்று ஒரு கணம் யோசித்தேன்.

பெட்டியை நித்திரையில் போட்டேன். இடி தொடர்ந்தது. மனைவி பிளக்கில் கை வைத்தாள்.

"கழட்டாத புள்ள."

"இடி விழுந்து எரிஞ்சா தம்பிக்கு என்ன சொல்ற?"

"அண்ணர்ட ஆட்டம் உள்ள நிக்குது."

அவள் என்னைப் பார்த்தாள். தொலைக்காட்சியின் பிளக்கை மட்டும் கழற்றிவிட்டுப் போனாள். அன்றைக்கு இடி ஓயும் வரை மாமாங்கேஸ்வரரைத்தான் துணைக்குக் கூப்பிட்டுக்கொண்டிருந்தேன்.

அடுத்த ஞாயிறு அண்ணன் வரவில்லை. அதற்கடுத்த ஞாயிறும் இல்லை. கடப்பால் கறி வந்தது, போனது, அவர் மட்டும் வரவில்லை. வேலிக்கு அப்பால் அவர் செருமுவது கேட்கும். நான் செருமுவது அவருக்கும் கேட்டிருக்கும். அந்த ஆட்டத்தை மூடிவிட்டால் அவர் இனி இந்த வீட்டுக்கு வருவதற்கு ஒரு சாட்டும் இருக்காது என்று எனக்குப் பட்டது. மூடாமல் இருந்தால் அவருக்கு இங்கே ஒரு வேலை பாக்கி. அதனால் காவல் இருந்தேன். பாவம், மகள். அவளுடைய நகரத்தைத் திறந்தால் இது மூடிவிடும். முதல் கிழமை பேசாமல் இருந்தாள். இரண்டாம் கிழமை, "என்ட சனமெல்லாம் அங்க என்ன செய்யுதுகளோ," என்றாள். அவளுடைய நகரம் பதிந்து மூடப்பட்டது, பயமில்லை என்று அவளே எனக்கு முன்பு சொன்னதுதான். திருப்பிச் சொன்னேன். முறைத்தாள்.

எனக்கோ வேறு கேள்விகள். பெட்டியின் மேல் கை வைத்துப் பார்ப்பேன். இலேசான சூடு இருக்கும். அந்தச் சூடு எதற்கு? ஒருவன் கையைத் தூக்கியபடி நிற்பதற்கு இவ்வளவு போதுமா? தொண்ணூற்றேழு என்பதை எங்கே வைத்திருக்கும்? மருந்துக்கடைக்கு எதிரில் கைத்தொலைபேசி திருத்துகிற கடை வைத்திருக்கும் காத்தான்குடிக்காரரிடம் கேட்டேன், முஸ்லிம் அண்ணன் என்பதால் நாங்கள் நானா என்போம். அவர் சட்டென்று சொன்னார்.

"கையில தண்ணி ஏந்தி வெச்சிரிக்கிற மாதிரித்தான். ஏந்திக்கொண்டு நிக்கிறவனுக்குத் தெம்பு குடுத்துக்கொண்டே இரிக்கணும். தெம்பு போனாத் தண்ணி போயிரும்."

"எவ்வளவு காலம் ஏந்தி நிக்கும்?"

"நீங்க கரண்டு குடுக்கிற வரைக்கும். அதுக்குக் கை உளையாது. உங்களுக்குத்தான் உளையும் போல," என்று சிரித்தார்.

இரண்டு முறை வீட்டில் விளக்கு கண் சிமிட்டியது. இரண்டு முறையும் ஓடிப்போய்ப் பார்த்தேன். செம்மஞ்சள் வெளிச்சம் இருந்தது. மனைவிக்கு என் ஓட்டம் பெரிய பகிடி. "கைப்பிள்ளைக்காரி கூட இப்பிடி ஓட மாட்டாள்," என்றாள்.

ஒரு சனிக்கிழமை, ஒலிபெருக்கி கட்டிய ஆட்டோ ஒன்று ஒழுங்கை வழியாக வந்தது. மின்கம்பி மாற்றுகிறார்களாம். நாளைக்குக் காலை எட்டு மணிக்குக் கரண்டு நின்றால் பின்னேரம்தான் வருமாம். ஆட்டோ போன பிறகும் நான் வாசல் படலையிலேயே நின்றேன். ஏந்திய தண்ணீர் அவ்வளவுதான். அண்ணனிடம் இருக்கும் படகு பற்றரியில் இருந்து கொடுக்கலாமா என்று ஒரு யோசனை வந்தது. ஆனால் அதற்குப் பிளக்கைச் சுவரில் இருந்து கழற்ற வேண்டும். கழற்றினால் போச்சு. ஒரு கையில் இருந்து மறு கைக்கு மாற்ற வழியில்லாத தண்ணீர் அது.

யார் முதலில் போவது என்ற பிடிவாதம் எனக்கும் இல்லாமல் இல்லை. ஆனால் தொண்ணூற்றேழு அவருடையது. அது போகப்போகிறது என்று அவருக்குச் சொல்லாமல் இருப்பது எனக்குச் சரியாகப் படவில்லை. கடப்படிக்குப் போனேன். கடப்பைத் தாண்டவில்லை. அவர் முற்றத்தில் ஒரு எஞ்சின் மூடியைப் பெற்றோலில் கழுவிக்கொண்டிருந்தார்.

"அண்ண. நாளைக்கு எட்டு மணிக்குக் கரண்டு போகுதாம்."

"நானும் கேட்ட."

"உங்கட ஆட்டம் உள்ளுக்குள்ள அப்பிடியே நிக்குது. கரண்டு போனா அதுவும் போயிரும்."

அவர் தலையைத் தூக்கினார். "இன்னும் மூடல்லையா?"

"இல்ல."

மூடியைக் கொஞ்ச நேரம் துணியால் துடைத்தார். துடைத்த இடத்தையே திரும்பவும் துடைத்தார். "போனாப் போகட்டும். அதுக்கு நான் என்ன செய்யிற?" என்றார். நான் திரும்பி வந்துவிட்டேன்.

ஞாயிறு காலை, தேத்தண்ணிக் கோப்பையோடு அந்த வெளிச்சத்தைக் கடைசியாகப் பார்த்துக்கொண்டிருந்தபோது படலையில் யாரோ தட்டினார்கள். படலை ஒழுங்கைப் பக்கம். சொந்தக்காரர் யாரும் அந்த வழியால் வந்து தட்டுவதில்லை. எட்டிப் பார்த்தால் அண்ணன். தோய்த்து மடித்த சேட்டு, தலை வாரியிருக்கிறது. கடப்பு பத்தடியில் இருக்க, வளவைச் சுற்றி வந்து, கல்யாணத்துக்குச் சொல்ல வந்தவர் போலப் படலைக்கு வெளியே நின்றார்.

"வீட்டுக்காரர் இரிக்காரா?" என்றார்.

குத்தலா, பகிடியா என்று எனக்கு விளங்கவில்லை. முகத்தைப் பார்த்தேன். இரண்டும் இருந்தது, இரண்டுக்கும் அடியில் வெட்கமும் இருந்தது. "வாங்க அண்ண," என்றேன். படலையைத் திறந்துவிட்டேன்.

பெட்டியை எழுப்பினோம். திரையில் வெயில் அப்படியே இருந்தது. என் ஆள் கையைத் தூக்கியபடி ஒரு காலில் நின்றான். ஒரு மாதம் மழை பெய்து, முற்றத்தில் புல் முளைத்து, மகள் ஒரு பரீட்சை எழுதி முடித்துவிட்டாள், அவனுக்கு ஒரு இமைப்பும் ஆகவில்லை. அண்ணன் குனிந்து பார்த்தார். "ஒரு சொட்டும் சிந்தல்ல," என்றார் மெதுவாக. காத்தான்குடி நானாவின் உவமையை நான் அவருக்குச் சொல்லியிருக்கவில்லை.

விட்டுக்கொடுத்துப் போட்டால் கண்டுபிடித்துவிடுவார். ஒழுங்காகத்தான் வீசினேன், நாக்கைக் கடித்துக்கொண்டு. அவர் தடுத்தார். அடுத்ததும் தடுத்தார். சுவர் மணிக்கூட்டை யாரும் பார்க்காத மாதிரி எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தோம். அக்கா அரிசி களைந்த கையோடு கடப்பால் ஓடி வந்தாள். ஒரு ஓட்டம். இன்னொன்று. பிறகு நெடுநேரம் ஒன்றும் இல்லை. அந்த நாளின் ஆட்டம் முடிந்து பதிவாக இன்னும் எத்தனையோ ஓவர் கிடந்தது. எட்டு மணிக்குள் அது நடக்காது என்று அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். பிறகு அவர் முழு உடம்பையும் போட்டு வலையை இழுத்தார். பந்து எல்லைக் கோட்டைத் தாண்டி ஓடியது.

மகள் கத்திய கத்தலில் கோழிகள் பறந்தன. திரையில் அவருடைய ஆள் துடுப்பை உயர்த்தினான். அண்ணன் கொன்ட்ரோலரை இரண்டு கையாலும் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்தார். கண் நிறைந்திருந்தது. அதைத் துடைக்கவும் இல்லை. அப்படியே கொஞ்சநேரம்தான். கரண்டு போய்விட்டது. திரை கறுத்தது, மின்விசிறி சுழன்று ஓய்ந்தது, செம்மஞ்சள் வெளிச்சம் இல்லை.

"பதியல்லயே பெரியப்பா," என்றாள் மகள் அழுவாரைப்போல.

"நூறு எடுத்ததுதானே. நீங்க எல்லாரும் பாத்ததுதானே," என்றார். என் தோளில் கை வைத்து எழுந்தார். "பெட்டிக்குத் தெரியாட்டிப் போகட்டும்."

எழுந்த வேகத்தில் கால் பழக்கத்தில் சுவர்ப் பக்கம் போய்விட்டது. குனிந்து பிளக்கைப் பிடித்தார். கரண்டு இல்லாத பிளக்கு, கழற்றினாலும் ஒன்றுதான், கழற்றாவிட்டாலும் ஒன்றுதான். பிடித்த கை அங்கேயே நின்றது. திரும்பி என்னைப் பார்த்தார். எந்த வீட்டிலும் யாரையும் கேட்டறியாத மனிதர்.

"தம்பி, கழட்டட்டா?" என்றார்.